மற்றும் பலர்!

சினிமாவில் டைட்டில் ஓடும்போது நீங்கள் என்ன செய்துகொண்டிருப்பீர்கள்? இருட்டில் சீட் நம்பர் தேடி அடுத்தவர் காலை மிதித்து "ஸாரி ஸார்" சொல்லிக்கொண்டிருப்பீர்கள். ஹீரோ பெயருக்கு விசில். ஹீரோயின் பெயருக்கு அதில் பாதி விசில். மியூசிக் டைரக்டருக்கு மறுபடி முழு விசில். இதற்கு நடுவே நாலு நாலு பேராக, ஆறு ஆறு பேராக ஒரு கூட்டம் திரைக்கு வந்து, நாம் எழுத்துக் கூட்டிப் படிப்பதற்குள் காணாமல் போகும். கடைசியில் 'மற்றும் பலர்' என்று ஒரு வரி. முடிந்தது கதை.

இந்தக் கட்டுரை விசில் வாங்காத அந்தக் கூட்டத்தைப் பற்றி.

நான் பி.காம். படித்தவன். எதைப் பார்த்தாலும் டெபிட், கிரெடிட்டாகத்தான் தெரியும். அக்கவுண்ட்ஸில் 'ஸன்ட்ரி எக்ஸ்பென்ஸஸ்' என்று ஒரு தலைப்பு உண்டு. வாடகைக்குத் தனிக் கணக்கு, சம்பளத்துக்குத் தனிக் கணக்கு. ஆனால் டீ, ஆட்டோ, குண்டூசி, ஆயுத பூஜைப் பொரிகடலை இதற்கெல்லாம் தனித்தனியாகக் கணக்கு எழுதினால் நோட்டு தாங்காது. மொத்தமாக 'ஸன்ட்ரி' என்று தள்ளிவிடுவோம். தமிழில் சொன்னால், மற்றும் பலர்! ஆனால் அந்த ஸன்ட்ரியை விட்டுவிட்டு ட்ரையல் பாலன்ஸ் போட்டுப் பாருங்கள். விடிய விடிய உட்கார்ந்தாலும் டாலி ஆகாது.

தமிழ் சினிமாவும் அப்படித்தான். அந்தக் கணக்கை 47 வருஷம் டாலி பண்ணிக் கொடுத்த ஒருவர் டெல்லி கணேஷ்.

அவர் காலமானது 2024 நவம்பர் 9, சனிக்கிழமை இரவு. வயது 80. மறுநாள் ஞாயிற்றுக்கிழமை காலை, பம்மலில் எங்கள் தெருமுனை டீக்கடையில் இதுதான் பேச்சு. "அந்த மைக்கேல் மதன காமராஜன் சமையல்காரர் போயிட்டாராமே" என்றார் ஒருவர். "நாயகன்ல ஐயரா வருவாரே, அவரா?" என்றார் இன்னொருவர். "இல்லப்பா, தெனாலில ஜெயராமைப் பார்த்து வயிறெரியற டாக்டர்" என்றான் ஒரு காலேஜ் பையன். டீ ஆற்றிக்கொண்டிருந்தவர், "எல்லாம் ஒரே ஆள்தான்யா. ஆகவேண்டியதைப் பாருங்க" என்றார்.

ஒரு ஹீரோ போய்விட்டால் எல்லாரும் ஒரே படத்தைச் சொல்லுவார்கள். இங்கே ஆளுக்கு ஒரு படம். ஒருத்தர் சொன்ன படம் இன்னொருத்தருக்கு ஞாபகம் வரவில்லை. ஆனால் முகம் மட்டும் எல்லாருக்கும் தெரிந்திருக்கிறது, ஏதோ சித்தப்பா முகம் மாதிரி. குணசித்திர நடிகருக்கு இதைவிடப் பெரிய சர்ட்டிபிகேட் யாரும் தர முடியாது.

ஏர்ஃபோர்ஸ் கணேசன்

1944 ஆகஸ்ட் 1-ம் தேதி, வல்லநாட்டில் பிறந்தவர் கணேசன். திருநெல்வேலிக்கும் தூத்துக்குடிக்கும் நடுவே இருக்கிற ஊர். 1964-ல் இந்திய விமானப்படையில் சேர்ந்தார். 1974 வரை பத்து வருஷம் சர்வீஸ்.

இந்தப் பத்து வருஷத்தைச் சும்மா தாண்டிப் போய்விடாதீர்கள். எங்கள் பக்கத்தில் கிழக்குத் தாம்பரம் போனால் ஏர்ஃபோர்ஸ் ஸ்டேஷன் இருக்கிறது. அங்கே வேலை பார்க்கிறவர்களுக்கு வீட்டு ஓனர்கள் மத்தியில் என்ன மரியாதை என்று எனக்குத் தெரியும். 'மாப்பிள்ளை ஏர்ஃபோர்ஸ்' என்றால் பெண் வீட்டார் ஜாதகத்தைக்கூட மேலோட்டமாகத்தான் பார்ப்பார்கள். முதல் தேதி சம்பளம், கான்டீன் சாமான், ரயில் வாரன்ட். அப்படிப்பட்ட வேலையை முப்பது வயதில் விட்டவர் அவர்.

எதற்காக? ஹீரோவாகவா? அவர் முகத்தைப் பார்த்து யாரும் அப்படி ஆசை காட்டியிருக்க மாட்டார்கள். நடிக்க. அவ்வளவுதான்.

ஆனால் ஒரு விஷயம். அவர் கண்ணை மூடிக்கொண்டு கிணற்றில் குதிக்கவில்லை. அந்தக் காலத்து டெல்லியில் மத்திய சர்க்கார் ஆபீஸ்களில் தமிழர்கள் நிறையப் பேர் இருந்தார்கள். குளிருக்கு மப்ளர் கட்டிக்கொண்டு, ஆபீஸ் முடிந்ததும் ஒத்திகை பார்த்து, தமிழ் நாடகம் போட்டார்கள். அவர்கள் நடத்தியதில் ஒன்று தட்சிண பாரத நாடக சபா. யூனிஃபாரத்தைக் கழற்றிவிட்டு அந்த மேடையில் ஏறி நடித்துப் பழகியவர் கணேசன். சென்னைக்கு வந்த பிறகும் முதலில் நாடகம்தான்.

'பட்டினப் பிரவேசம்' விசு எழுதிய நாடகம். அதை 1977-ல் கே.பாலசந்தர் படமாக எடுத்தார். அதில்தான் கணேசன் சினிமாவுக்குள் வந்தார். டெல்லியிலிருந்து வந்தவர் என்பதால் 'டெல்லி கணேஷ்' என்று பெயர் வைத்தவரும் பாலசந்தர்தான். பாலசந்தரே ஏ.ஜி. ஆபீஸில் கிளார்க்காக இருந்துகொண்டு நாடகம் போட்டவர். ஃபைல் கட்டும் நாடா எப்படி இருக்கும் என்று தெரிந்த டைரக்டருக்கு, இன்னொரு சர்க்கார் உத்தியோகஸ்தரை அடையாளம் தெரியாமல் போகுமா?

பம்மல் பெருமை

ஆபீஸ் முடிந்து அரிதாரம் பூசிக்கொள்ளும் இந்த ஜாதிக்கே மூல புருஷர் ஒருவர் உண்டு. அவர் பெயரிலேயே எங்கள் ஊர் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்பதில் எங்களுக்குக் கொஞ்சம் கர்வம். பம்மல் சம்பந்த முதலியார்.

பல்லாவரம் ஸ்டேஷனில் இறங்கி "பம்மல் போகுமா?" என்று ஷேர் ஆட்டோக்காரரைக் கேட்டால் பின்னால் நிற்பவர், "கமல் படத்துல வருமே, அந்தப் பம்மலா?" என்பார். 2002-ல் வந்த 'பம்மல் கே. சம்பந்தம்' படத்தால் ஊருக்கு வந்த புகழ். அந்தத் தலைப்புக்குப் பின்னால் நிஜமாகவே ஒரு சம்பந்தம் இருந்தார் என்பது பாதிப் பேருக்குத் தெரியாது.

1873-ல் பிறந்தவர். வக்கீல். பிற்பாடு ஸ்மால் காஸஸ் கோர்ட்டில் ஜட்ஜ். 1891-ல், அதாவது பதினெட்டு வயதில், சில நண்பர்களோடு சுகுண விலாச சபாவை ஆரம்பித்தார். அந்தக் காலத்தில் நாடகம் என்றால் 'கூத்தாடி' என்று ஒரே வார்த்தையில் ஒதுக்கிவிடுவார்கள். கௌரவமான வீட்டுப் பையன் அந்தப் பக்கம் போனால் அப்பா பெல்ட்டைக் கழற்றுவார். அப்படிப்பட்ட சமயத்தில் வக்கீல்களையும் உத்தியோகஸ்தர்களையும் பட்டதாரிகளையும் மேடையில் ஏற்றினார் சம்பந்தம். பகலில் கட்சிக்காரருக்கு வாதாடியவர்கள் சாயங்காலம் வசனம் பேசினார்கள். காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தியே அங்கே வேஷம் கட்டியவர். தொண்ணூறுக்கும் மேற்பட்ட நாடகங்கள் எழுதினார் சம்பந்தம். 'சபாபதி' 1941-லும் 'மனோகரா' 1954-லும் படமாக வந்து சக்கைப்போடு போட்டன. 1959-ல் பத்மபூஷண். 1964-ல் காலமானார்.

அவர் போட்டுக் கொடுத்த பாதை இது: காலையில் உத்தியோகம், சாயங்காலம் ஒத்திகை. அந்தப் பாதையில் வந்தவர்களைப் பாருங்கள். பூர்ணம் விஸ்வநாதன் டெல்லி வானொலியில் தமிழ்ச் செய்தி வாசித்தவர். சுதந்திரம் வந்த சேதியைத் தமிழில் சொன்ன குரல் அவருடையது. அதே குரல் 'வருஷம் 16'-ல் தாத்தாவாகவும், 'ஆசை'யில் அப்பாவாகவும் நம் வீட்டுக்குள் வந்தது. ரயில்வேயில் குமாஸ்தாவாக இருந்தவர் நாகேஷ். கிரேஸி மோகன் என்ஜினீயர்.

டெல்லி கணேஷ் இந்த க்யூவில் நின்றவர். என்ன, அவர் நின்றது ஏர்ஃபோர்ஸ் கவுன்ட்டரில்.

சிங்காரவேலனுக்குக் கால்ஷீட், சித்தப்பாவுக்கு?

"சப்போர்ட்டிங் ரோல்தானே, அதில் என்ன கஷ்டம்? பத்து நாள் வந்தோமா, நாலு வசனம் பேசினோமா, செக்கை வாங்கினோமா" என்று நினைப்பீர்கள். கொஞ்சம் உள்ளே போய்ப் பார்த்தால் தெரியும்.

கோடம்பாக்கத்தில் 'காம்பினேஷன்' என்று ஒரு வார்த்தை உண்டு. ஒரு ஸீனில் ஹீரோ, ஹீரோயின், அப்பா, மாமா நாலு பேரும் இருந்தால் நாலு பேரின் தேதியும் ஒன்றாகக் கிடைக்க வேண்டும். யார் தேதியை வைத்து மற்றவர்கள் தேதி நகரும்? சொல்லவே வேண்டாம். ஹீரோவுக்கு ஜலதோஷம் என்றால் அப்பாவின் தேதி அவுட். அதே அப்பா அடுத்த வாரம் வேறொரு படத்தில் தாத்தாவாக ஒப்புக்கொண்டிருப்பார். அந்த புரொடக்‌ஷன் மானேஜர் இவரைப் பிய்த்து எடுப்பார். நம் ஆபீஸில் ஒருத்தனுக்கு இரண்டு மானேஜர் ரிப்போர்ட்டிங் என்றாலே பிளட் பிரஷர் வருகிறது. இவர்களுக்கு ஒரே மாதத்தில் ஐந்து மானேஜர்!

அப்புறம் கன்டின்யூட்டி. இந்தப் படத்தில் மீசை, அந்தப் படத்தில் மீசை கிடையாது. மீசை முளைக்கும் வேகத்துக்கும் கால்ஷீட்டுக்கும் ஒத்துவராது. மூன்று மாதம் கழித்து அதே ஸீனின் மிச்சத்தை எடுக்கும்போது அதே தொப்பை, அதே விபூதி, அதே கோபம் இருக்க வேண்டும்.

அப்புறம்தான் நடிப்பு. அதிலும் பாதி நேரம் பேசுவது ஹீரோ. இவர் கேட்க வேண்டும். கேட்பது என்றால் காதால் இல்லை, முகத்தால். ஹீரோ ஜோக் அடிக்கிறார். அந்த ஜோக் நம்மிடம் எடுபடுமா என்பது, எதிரே நிற்கிறவர் அதை நிஜமாக நம்பித் திகைப்பதில்தான் இருக்கிறது. அவர் தானும் சேர்ந்து சிரித்துவிட்டால் போச்சு, தியேட்டரில் ஒருத்தர் சிரிக்க மாட்டார்.

1990-ல் வந்த 'மைக்கேல் மதன காமராஜ'னை எடுத்துக்கொள்ளுங்கள். படத்தில் நாலு கமல். ஒரு கமலோடு நடிப்பதே பெரும்பாடு. கிரேஸி மோகன் வசனம் வேறு, ஒன்றின் வாலைப் பிடித்துக்கொண்டு இன்னொன்று ஓடும். இதற்கு நடுவே பாலக்காட்டு மணி ஐயராக, சமையல்காரக் காமேஸ்வரனை வளர்த்த அப்பாவாக, டெல்லி கணேஷ் கரண்டியைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்கிறார். தாமிரபரணிக்காரர் வாயில் பாலக்காட்டுத் தமிழ் எவ்வளவு சரளம்! அவர் ஜோக் அடிக்கவே இல்லை. மானத்துக்குப் பயந்த ஒரு சமையல்காரராக மட்டும் இருந்தார். நாம் வயிறு வலிக்கச் சிரித்தோம்.

அதற்கு முந்தின வருஷம் 'அபூர்வ சகோதரர்க'ளில் அதே கமலுக்கு எதிராக நாலு வில்லன்களில் ஒருவர். அதற்கு இரண்டு வருஷம் முன்னால் 'நாயக'னில், போலீஸ் அடியை வாங்கிக்கொண்டு படுக்கையில் கிடக்கும் ஐயர். 1985-ல் 'சிந்து பைரவி'யில் குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வரும் மிருதங்க வித்வான் குருமூர்த்தி. பாடகர் ஜே.கே.பி. அவரை ஒதுக்கிவிட்டு, மிருதங்கமே இல்லாமல் கச்சேரி செய்வார். பின்னால் அந்த ஜே.கே.பி.யே குடித்துச் சீரழியும்போதுதான் குருமூர்த்தி பாத்திரத்தின் கனம் நமக்கு உறைக்கும். குருமூர்த்தியின் வீழ்ச்சி சரியாக விழாவிட்டால் ஜே.கே.பி.யின் வீழ்ச்சி நம்மைத் தொடாது. சப்போர்ட் என்றால் இதுதான் ஸார், முட்டுக் கொடுப்பது. தூணை யாரும் பார்ப்பதில்லை. எடுத்துவிட்டால் கூரை தலையில்.

இன்னொன்று பாருங்கள். 1979-ல் துரை இயக்கிய 'பசி'. குடிசைப் பகுதியில் ரிக்‌ஷா இழுக்கிறவர் வேஷம். ஷோபாவுக்கு அப்பா. அப்போது கணேஷுக்கு வயது 35! நம்மில் பலர் அந்த வயதில் தலையில் ஒரு நரை தெரிந்தால் பாத்ரூம் கதவைச் சாத்திக்கொண்டு கத்தரிக்கோலைத் தேடுகிறோம். அவர் கல்யாண வயசுப் பெண்ணுக்கு அப்பாவாக நின்றார். ஷோபாவுக்கு தேசிய விருது கிடைத்தது. கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு. 1994-ல் கலைமாமணி.

ஹீரோவாக நடித்ததே இல்லையா? நடித்தார். 1981-ல் 'எங்கம்மா மகாராணி'. அதற்குப் பிறகு, வந்த வழியே திரும்பி, தன் சீட்டில் வந்து உட்கார்ந்துகொண்டார். அதே 1981-ல் பாலசந்தரின் '47 நாட்கள்' படத்தில் சிரஞ்சீவி பேசும் தமிழ் யாருடையது தெரியுமா? டெல்லி கணேஷ் குரல். முகம் கூடக் கிடையாது, குரல் மட்டும். 'மற்றும் பலர்' பட்டியலிலும் சேராத வேலை. அதையும் செய்தார். மொத்தம் 400 படங்களுக்கு மேல். 1977-லிருந்து 2024 வரை 47 வருஷத்தில் வகுத்துப் பாருங்கள். வருஷத்துக்கு எட்டு படத்துக்கு மேல் வருகிறது. நடுவில் டி.வி. சீரியல்கள் வேறு.

சிலோன்காரர், லண்டன் டர்பன்

இதே தொழிலை இங்கிலாந்தில் செய்த நம் பக்கத்து ஆள் ஒருவரைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். ஆல்பர்ட் மோசஸ். இலங்கை, சிலோனாக இருந்த 1937-ல் அங்கே பிறந்தவர். பிற்பாடு லண்டன் போய் நடித்தார்.

பெயர் தெரியாது. ஆனால் ஆளைத் தெரியும் உங்களுக்கு. 1977-லிருந்து 79 வரை 29 எபிசோடுகள் வந்த 'மைண்ட் யுவர் லாங்வேஜ்' என்கிற பிரிட்டிஷ் காமெடி சீரியல் ஞாபகம் இருக்கிறதா? வெளிநாட்டுக்காரர்கள் சாயங்கால வகுப்பில் இங்கிலீஷ் படிக்க வந்து வாத்தியார் உயிரை வாங்குவார்களே? அதையே தூர்தர்ஷனில் 1993-ல் பங்கஜ் கபூரை வைத்து 'ஜபான் சம்பால் கே' என்று ஹிந்தியில் எடுத்தார்கள். அந்த ஒரிஜினலில் ரஞ்சித் சிங் என்ற சர்தார்ஜியாக டர்பன் கட்டிக்கொண்டு வந்தவர் ஆல்பர்ட் மோசஸ். சிலோன் கிறிஸ்தவப் பெயர், பஞ்சாபி வேஷம், லண்டன் சம்பளம்!

ஜேம்ஸ்பாண்ட் படத்திலும் இருக்கிறார். ஒரு தடவை அல்ல, இரண்டு தடவை. 1977-ல் 'தி ஸ்பை ஹூ லவ்ட் மீ'யில் மது ஊற்றிக் கொடுக்கிறவர். 1983-ல் 'ஆக்டோபஸி'யில் சத்ருதீன். அதில் கூடவே நடித்தவர் நம் சென்னை டென்னிஸ் வீரர் விஜய் அமிர்தராஜ். 1981-ல் 'ஆன் அமெரிக்கன் வேர்வுல்ஃப் இன் லண்டன்' படத்தில் ஆஸ்பத்திரி சிப்பந்தி. 1999-ல் 'ஈஸ்ட் இஸ் ஈஸ்ட்'டில் ஒரு சின்ன வேஷம். 2017-ல் காலமானார்.

பட்டியலைக் கவனியுங்கள். ஊற்றிக் கொடுப்பவர், சிப்பந்தி, டர்பன்காரர். அங்கே கறுப்புத் தோலுக்கு அந்த நாளில் ஒதுக்கிவைத்த வேஷங்கள் அவ்வளவுதான். 'மைண்ட் யுவர் லாங்வே'ஜே இன ரீதியாகக் கேலி செய்கிறது என்ற கண்டனத்தில்தான் நிறுத்தப்பட்டது. டெல்லி கணேஷுக்கு ரிக்‌ஷாக்காரர் வேஷத்திலிருந்து டாக்டர் வேஷம் வரை போக இடம் இருந்தது. ஏனென்றால் அது அவர் பாஷை, அவர் ஜனங்கள்.

ஆனால் ஒரு விஷயத்தில் லண்டன்காரர்கள் கெட்டிக்காரர்கள். அங்கே நடிகர்களுக்கு 'ஈக்விட்டி' என்று ஒரு யூனியன், 1930-ல் ஆரம்பித்தது. டி.வி.யில் ஒரு நிகழ்ச்சியை மறுபடி போட்டால் சின்ன வேஷக்காரருக்கும் ஒரு தொகை போகிற மாதிரி ஒப்பந்தம் போட்டு வைத்திருக்கிறார்கள். இங்கே வழக்கம் வேறு. படம் முடிந்து, டப்பிங் பேசி, பாக்கியை வாங்கினால் கணக்கு க்ளோஸ். அப்புறம் 'அவ்வை சண்முகி'யைப் பொங்கலுக்கும் தீபாவளிக்கும் டி.வி.யில் எத்தனை தடவை ஓட்டினாலும், ஊடே ஊடே எத்தனை விளம்பரம் போட்டாலும், சேதுராமய்யருக்கு ஒரு காப்பிக் காசு வராது. அக்கவுண்ட்ஸ்காரனாக இதைச் சொல்லும்போது எனக்கு வயிறு எரிகிறது. நம் சிரிப்பு தொடர் வருமானம். அவர் சம்பளம் மட்டும் ஒரு தடவைச் செலவு.

ரிஸைன் பண்ணலாமா?

இவ்வளவும் இப்போது எதற்கு என்று கேட்பீர்கள். காரணம் என் நண்பன் ஒருவன். கிண்டியில் ஒரு கம்பெனியில் வேலை. வயது 34. அனகாபுத்தூரில் ஃப்ளாட், அதற்கு லோன், தவணை இன்னும் பதினாலு வருஷம். போன வருஷம் ஒருநாள் பீச்–தாம்பரம் ரயிலில் கம்பியைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு வரும்போது சொன்னான்.

"டேய், ரிஸைன் பண்ணிடலாம்னு இருக்கேன்டா."

"எதுக்கு?"

"நடிக்க."

"ஹீரோவாவா?"

"சேச்சே! இப்போதைக்கு ஃபிரெண்டு ரோல். வயசானப்புறம் அப்பா ரோல்."

பரங்கிமலை வந்தது. பத்து பேர் இறங்கி இருபது பேர் ஏறினார்கள். நான் சிரிக்கவில்லை. ஏனென்றால் அவன் சிரிக்கவில்லை.

"வீட்ல சொல்லிட்டியா?"

"அம்மாகிட்ட சொன்னேன். 'அதுக்கென்னடா, சாயங்காலம் சீக்கிரம் வந்துடுவியா'ன்னு கேட்டாங்க. பார்ட் டைம் வேலைன்னு நினைச்சுட்டாங்க."

அவனுக்கு நான் எழுதிக் கொடுத்த கணக்கை உங்களுக்கும் தருகிறேன். உங்களில் எத்தனை பேர் டிபன் பாக்ஸுக்குப் பக்கத்தில் இந்த ஆசையை வைத்து மூடியிருக்கிறீர்களோ!

முதலில், கேபிடல். டெல்லி கணேஷ் ராஜினாமா கொடுத்துவிட்டு நடிப்புக் கற்றுக்கொள்ளப் போகவில்லை. உத்தியோகத்தில் இருக்கும்போதே மேடை ஏறினார். வேலை சோறு போட்டது, மேடை தொழில் சொல்லிக் கொடுத்தது. கேபிடல் சேர்த்த பிறகுதான் கடை திறந்தார். 'ஹீரோ சான்ஸ் வாங்கித் தரேன், ஐம்பதாயிரம் கட்டு' என்று யாராவது வந்தால் அது கேபிடல் இல்லை, வாராக் கடன். நிஜமான சினிமாக் கம்பெனி உங்களுக்குப் பணம் தரும். உங்களிடம் கேட்காது.

இரண்டாவது, டெப்ரிஸியேஷன், அதாவது தேய்மானம். மெஷினுக்கு வருஷா வருஷம் மதிப்பு குறையும். ஹீரோவுக்கும் அப்படித்தான், மேக்கப்புக்கும் விக்குக்கும் ஆகிற செலவு வருஷா வருஷம் ஏறும். ஆனால் குணசித்திர நடிகருக்கு வயசு என்பது செலவு இல்லை, வரவு. 33 வயதில் வந்த கணேஷ், 2018-ல் 'இரும்புத்திரை'யில் விஷாலுக்கு அப்பாவாக வந்தபோது அவருக்கு 73. கடனில் மாட்டிக்கொண்டு பிள்ளைக்கு முன்னால் கூனிக் குறுகும் அந்த அப்பாவை எந்த இளைஞன் நடித்துவிட முடியும்? தேய்மானமே இல்லாத சொத்து அது. ஆனால் அந்த வரவு வருகிற வரைக்கும் பொறுமையாக இருக்கத் தெரிய வேண்டும்.

மூன்றாவது, குட்வில். பாலன்ஸ் ஷீட்டில் கண்ணுக்குத் தெரியாத சொத்து என்று ஒன்று எழுதுவோம். சொன்ன நேரத்துக்கு வருவது, வசனத்தை மனப்பாடமாக வைத்திருப்பது, எதிராளி மின்னும்போது பொறாமைப்படாமல் நிற்பது. 'நாயகன்', 'அபூர்வ சகோதரர்கள்', 'மைக்கேல் மதன காமராஜன்', 'அவ்வை சண்முகி', 'தெனாலி', கடைசியாக 2024-ல் 'இந்தியன் 2' என்று கமல் படங்களில் திரும்பத் திரும்பக் கூப்பிட்டார்கள் என்றால் அது சிபாரிசு இல்லை, குட்வில்.

இந்தக் கணக்கில் பற்று வரிசையும் உண்டு, மறைக்க மாட்டேன். போஸ்டரில் முகம் வராது. கட்-அவுட் கிடையாது. எடிட்டிங் மேஜையில் நீளம் ஜாஸ்தி என்றால் முதலில் கத்தரி விழுவது அப்பாவின் ஸீனில்தான். ஒரு பிராமணச் சமையல்காரர் வேஷம் ஹிட் ஆனால் அடுத்த பத்து படத்துக்கும் பூணூலை எடுத்துக்கொண்டு வருவார்கள். டெல்லி கணேஷே தன் பிள்ளையை ஹீரோவாக வைத்து 2016-ல் 'என்னுள் ஆயிரம்' என்று ஒரு படம் தயாரித்தார். நாற்பது வருஷம் ஹீரோவுக்குப் பக்கத்தில் நின்ற அப்பாவுக்கும், பிள்ளையை நடுவில் நிறுத்திப் பார்க்கும் ஆசை இருக்கத்தானே செய்யும்! அதைக் குறை சொல்ல யாருக்கு மனசு வரும்?

நண்பன் இதையெல்லாம் கேட்டான். இதுவரை ரிஸைன் பண்ணவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு நாடகக் குழு ஒத்திகைக்குப் போகிறான். போஸ்ட்மேன் வேஷம், மொத்தம் இரண்டு வரி. அந்த இரண்டு வரியைப் பல்லாவரம் பிளாட்பாரத்தில் எனக்குப் பதினொரு விதமாகச் சொல்லிக் காட்டினான். பதினொன்றாவது தடவை, பக்கத்தில் நின்ற பெரியவர் "எனக்கா தம்பி லெட்டர்?" என்று கையை நீட்டிவிட்டார். அன்றைக்கு அவன் முகத்தில் நான் பார்த்த சந்தோஷத்தை எந்த இன்க்ரிமென்ட் லெட்டரும் தந்ததில்லை. அவன் வேலையை விடுவானா, தவணை முடியும்வரை காத்திருப்பானா, எனக்குத் தெரியாது. அவன் கேபிடல் சேர்த்துக்கொண்டிருக்கிறான் என்பது மட்டும் தெரியும்.

கடைசி ஸீன்

2024 நவம்பரில் ராமாபுரம் வீட்டில் டெல்லி கணேஷின் உடலைப் பார்க்க சினிமாக்காரர்கள் வந்தார்கள். மாலைகள் வந்தன. கேமராக்கள் வந்தன. அதெல்லாம் எதிர்பார்த்ததுதான். யாரும் எதிர்பாராமல் யூனிஃபாரத்தில் விமானப்படையினரும் வந்தார்கள். தங்கள் பழைய வீரருக்கு மரியாதை செலுத்தினார்கள்.

அவர் அங்கிருந்து வெளியே வந்து ஐம்பது வருஷம் ஆகியிருந்தது. சினிமாவில் வேலை பார்த்ததில் நாலில் ஒரு பங்கு காலம்கூட அங்கே இல்லை. லட்சக்கணக்கான பேர் பணியாற்றிப் போன படை அது. அதிலும் அவர் 'மற்றும் பல'ரில் ஒருவர்தான். ஆனாலும் அங்கே யாரோ ஒருவர் பழைய லெட்ஜரைப் புரட்டி, 1964-லிருந்து 1974 வரை என்ற அந்தச் சின்னப் பதிவைத் தேடி எடுத்திருக்கிறார்.

கணக்கு எழுதுகிறவன் என்ற முறையில் நான் சொல்லுவேன்: ஸன்ட்ரி என்று எதையும் தள்ளிவிடாதீர்கள். என்றைக்காவது ஒருநாள் ஆடிட் வரும்!